கடை வாசலில் நின்றவர்கள்

திருக்குறளில் புலால் மறுத்தலும் கொல்லாமையும் அறத்துப்பாலில், துறவறவியலில் வருகின்றன. கள்ளுண்ணாமை அங்கே இல்லை. பொருட்பாலில், சூதுக்கு முந்திய 93-ஆம் அதிகாரமாக இருக்கிறது. தாம்பரம் பக்கத்துப் பள்ளிகளில் தமிழ் நடத்தி ஓய்வு பெற்ற எனக்கு இது பெரிய விஷயமாகப் படுகிறது. துறவி தன் உயிரின் நன்மைக்காக விடவேண்டியவற்றில் வள்ளுவர் குடியைச் சேர்க்கவில்லை. நட்பும் பகையும் பொருளும் புழங்குகிற இடத்தில் வைத்தார். அந்த அதிகாரத்திலேயே, குடித்தவனைக் காணும் பெற்ற தாயின் முகமும் வந்துவிடுகிறது. அப்படியானால் குடி என்பது ஒருவன் தனக்குள்ளேயே தீர்த்துக்கொள்ளும் கணக்காக இருக்க முடியாது. ஆனால் அடுத்தவன் குடியை நிறுத்தச் சொல்ல நமக்கு என்ன உரிமை?

நாகம்மையார் இந்தக் கேள்வியை ஈரோட்டில் 1921-இல் கள்ளுக்கடை வாசலில் நின்று எதிர்கொண்டார். மண்டி வியாபாரம் செய்யும் வசதியான வீட்டின் மருமகள். பதின்மூன்று வயதில், பின்னாளில் பெரியார் எனப்பட்ட ஈ.வெ.ரா.வுக்கு வாழ்க்கைப்பட்டவர். ஒத்துழையாமை இயக்க நாள்கள் அவை. கள்ளுக்கு உதவக்கூடாதென்று சேலம் தாதம்பட்டித் தோப்பில் 500-க்கும் மேற்பட்ட தென்னைகளை ஈ.வெ.ரா. வெட்டிச் சாய்த்திருந்தார். மறியலில் அவர் சிறைக்குப் போனதும் நாகம்மையாரும் நாத்தனார் கண்ணம்மாளும் 144 தடையை மீறிக் கடை முன் போய் நின்றார்கள். கடைசியில் அரசாங்கம்தான் தடையைத் திரும்பப் பெற்றது. மறியலை நிறுத்தும்படி காந்தியைக் கேட்டபோது, அது தன் கையில் இல்லை, ஈரோட்டில் இருக்கும் இரண்டு பெண்களைக் கேட்க வேண்டும் என்றாராம். அந்தக் காலத்தில் அந்த மாதிரி வீட்டுப் பெண் கள்ளுக்கடைத் தெருவுக்கு வந்ததே ஊருக்குப் புதிது. வந்து நின்றதற்கு மேல் அவர்களிடம் எந்த ஆயுதமும் இல்லை.

அந்த நிற்பின் பலம் எனக்குப் புத்தகத்தில் படித்துப் புரிந்ததில்லை. என் அப்பா கட்டட மேஸ்திரி. வண்டலூரில் மிருகக்காட்சிசாலை எழும்பிக்கொண்டிருந்த எண்பதுகளின் தொடக்கம், வேலைக்குக் குறைவில்லை. 1981-இல் சாராயக்கடைகளும் மறுபடி திறந்துவிட்டன. சனிக்கிழமை கூலி வாங்கும் நேரத்துக்கு அம்மா தங்கச்சியை இடுப்பில் தூக்கிக்கொண்டு கடைக்கு எதிரே போய் நிற்பாள். வாய் திறக்க மாட்டாள், அழ மாட்டாள். சில வாரம் அப்பா பாதிக் கூலியை அவள் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போவார். சில வாரம் அப்படியே வீட்டுக்குத் திரும்புவார். சில வாரம் அவளைத் தெரியாதவர் போலக் கடந்து போவார். அன்றைக்கு அம்மா தோற்றாள் என்று நான் நினைக்கவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டுதானே அவரால் போக முடிந்தது! அவருடைய விருப்பத்தை அவள் பறிக்கவில்லை. யாருக்கும் எதுவும் ஆகவில்லை என்று எண்ணிக்கொண்டு குடிக்கும் வசதியை மட்டும் பறித்தாள்.

அமெரிக்காவிலும் தொடக்கம் இப்படித்தான். 1873 டிசம்பரில் ஒஹையோ மாநிலத்தின் ஹில்ஸ்பரோ ஊரில் எலைசா தாம்சன் என்ற அம்மையார் தேவாலயத்திலிருந்து பெண்களைக் கூட்டிக்கொண்டு மதுக்கடைகளுக்குப் போய், மண்டியிட்டு ஜெபம் செய்தார். அடுத்த ஆண்டே கிறிஸ்தவப் பெண்கள் மதுவிலக்குச் சங்கம் பிறந்தது. பிறகு கேரி நேஷன் வந்தார். குடிகாரக் கணவனை இழந்தவர். ஆண்டவர் தன்னை அனுப்பினார் என்று நம்பிக் கன்சாஸில் கோடரியால் மதுக்கடைகளை உடைத்தார். அவருடைய துயரத்துக்கு முன் தலைவணங்குகிறேன். ஆனால் கோடரி பேசுகிற இடத்தில் குடிக்கிறவன் யோசிக்க ஒன்றும் மிஞ்சுவதில்லை. கோடரிக்குப் பின் சட்டம் வந்தது; அதுவும் நிலைக்கவில்லை. 1920-இல் அமலான தேசிய மதுவிலக்கு 1933-இல் ரத்தானது. இங்கேயும் ராஜாஜி 1937-இல் சேலத்தில் தொடங்கி வைத்த மதுவிலக்கு, மாகாணம் முழுக்கப் பரவி, 1971-இல் தளர்ந்தது. 2003 முதல் சில்லறைக் கடைகளையும் அரசின் டாஸ்மாக்கே நடத்துகிறது.

தென்னைகளை வெட்டிய பெரியாரே பிற்காலத்தில் மதுவிலக்கை எதிர்த்தார். குடிப்பது ஒருவனின் சொந்த உரிமை என்று வாதிட்டார். நாகம்மையார் 1933-லேயே காலமாகிவிட்டார். அந்த வீட்டில் இதைப் பற்றி ஒரு விவாதம் நடக்காமல் போனதே என்று எனக்கு ஆற்றாமை. பெரியாரிடம் நான் சொல்ல நினைப்பது இது: ஐயா, அவன் உரிமையை ஒப்புக்கொள்கிறேன். அவன் கூலியில் அவள் உலையும் இருக்கிறது. அவனுக்குக் குடிக்க உரிமை என்றால், அவளுக்கு வாசலில் நிற்க உரிமை உண்டு.

வள்ளுவரோடும் எனக்கு ஒரு வழக்கு உண்டு. மனைவி சொல்லுக்கு அடங்கி நடப்பவனைப் பெண்வழிச்சேறலில் அவ்வளவு இழித்துவிட்டு, இரண்டே அதிகாரம் தள்ளிக் கள்ளுண்ணாமையைப் பாடுகிறார். சாராயக்கடைக்கு எதிரே நின்ற மனைவியின் முகம் பார்த்துத் திரும்பியவன் எந்த அதிகாரத்தில் சேருவான்? தாயின் முகத்துக்குக் கொடுத்த மதிப்பை மனைவியின் முகத்துக்கும் அவர் கொடுத்திருக்க வேண்டும்.

2017-இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் நெடுஞ்சாலைக் கடைகள் மூடப்பட்டு, குடியிருப்புகளுக்குள் புதுக் கடைகள் வந்தபோது, தமிழ்நாடு முழுக்கப் பெண்கள் மறுபடி வாசல்களில் நின்றார்கள். ஆனால் இன்று ஊரப்பாக்கத்திலும் மண்ணிவாக்கத்திலும் அடுக்குமாடி கட்டுகிறவர்கள் பலர் ஆயிரம் மைல் தாண்டி வந்தவர்கள். அவர்களுடைய தாயும் மனைவியும் ஜார்க்கண்டிலோ ஒடிசாவிலோ இருக்கிறார்கள். சனிக்கிழமை சாயங்காலம் அவர்களுக்கு எதிரே நிற்க ஒருவரும் இல்லை. அந்த இடத்தில் முன்பின் தெரியாத நான் போய் நின்றால் அது உறவா, அதிகாரமா? அவர்கள் பேச்சு எனக்குத் தெரியாது, என் முகம் அவர்களுக்கு யாருடைய முகமும் இல்லை. இதற்கு என்னிடம் இன்னும் பதில் இல்லை.