பால்கோவாவும் பர்கரும்

சாறு சொட்டும் மாட்டுக்கறி பர்கருக்குக் கொத்துக்கறியில் ஐந்தில் ஒரு பங்கு கொழுப்பு வேண்டும். ராஜபாளையம் பக்கம் அறுபடுவது கறிக்கென்று கொழுக்க வளர்த்த மாடு இல்லை, உழைத்து ஓய்ந்த அடிமாடு. 1958ஆம் ஆண்டுச் சட்டமும் பொதுவாகப் பத்து வயது தாண்டி, வேலைக்கும் இனவிருத்திக்கும் உதவாததைத்தான் அறுக்க விடுகிறது. அதனால் கொழுப்பைத் தனியாகக் கேட்டு வாங்கி, சேர்த்து அரைக்கணும். உப்பை வடை மாதிரித் தட்டினபிறகு தூவணும். முன்னாடியே பிசைந்தால் ரப்பர்தான். கல்லில் கிடக்கும்போது கரண்டியால் அழுத்தவே கூடாது.

இதைச் சொன்னால் 'பாவம்யா அந்த ஜீவன்' என்பார்கள், கையில் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவோடு. 2019இல் புவிசார் குறியீடு வாங்கிய பண்டம், எனக்கும் உயிர். ஆனால் கன்று போடாமல் மாடு கறக்காது. பிறப்பதில் பாதி காளைக்கன்று. உழவுக்கு டிராக்டர் வந்தபின் அதற்குத் தொழுவத்தில் என்ன வேலை? கறவை வற்றிய மாட்டுக்கு எத்தனை வருஷம் தீவனம் போட முடியும்? சம்சாரி சந்தைக்கு ஓட்டுகிறார். பசுவை இங்கே அறுக்க 1976 அரசாணை தடுக்கிறது. லாரி செங்கோட்டை தாண்டி கேரளாவுக்குப் போகிறது. அந்தக் காசு வராவிட்டால் பால் இந்த விலைக்குக் கிடைக்காது.

கொல்வது வேறு, வாங்குவது வேறு என்று நண்பன் ஒருவன் வாதாடுவான். வேறுதான். பர்கர் தின்கிற நானும் வாங்கத்தானே செய்கிறேன்?