அற்புத வண்ணமும் அறத்தின் வினாவும்

கலைக்கு உயிரளிப்பது யாது? கலைஞன் கையாளும் பொருளா, அவன் கையின் பயிற்சியா, காண்போனின் உள்ளமா? இப்பழைய வினாவுக்கு மனிதனின் கற்பனை அளித்த விடைகளுள் ஒன்று அற்புதப் பொருள் பற்றிய கதையாகும். தீட்டிய அளவிலே சித்திரத்தை உயிர்பெற்றெழச் செய்யும் தூரிகை பற்றியும் வண்ணம் பற்றியும் கதைகள் பல நாடுகளில் வழங்குகின்றன. இலங்கையில் தமிழரிடையிலும் சிங்களவரிடையிலும் காணப்படும் அஞ்சன மை பற்றிய நம்பிக்கையும் இவற்றுக்கு அயலானதன்று. வெற்றிலையிற் பூசிய சிறு கருமையில் மறைந்த பொருளும் தொலைவிலுள்ளாரும் தோன்றுவர் என்பது அந்நம்பிக்கை.

இத்தகைய கதைகளிற் பெரும்பாலனவற்றுக்குப் பொதுவான இயல்பொன்று உண்டு. அப்பொருளை அகழ்ந்தவர் யார், அரைத்தவர் யார், அதனால் நலிந்தவர் யார் என்னும் வினாக்கள் அங்கு எழுவதில்லை. விலையின்றிக் கிடைக்கும் அழகே அற்புதத்தின் உண்மையான கவர்ச்சி எனலாம். எனவே, அழகைத் துய்ப்பவன் அதன் விலையை அறியக் கடமைப்பட்டவனா என்பதே ஈண்டு ஆராயற்பாலது.

பொருளில் மட்டும் அற்புதம் இல்லை என்பது தெளிவு. கொழும்பிற் பிறந்த ஆனந்த குமாரசுவாமி, 1908ஆம் ஆண்டு வெளியிட்ட இடைக்காலச் சிங்களக் கலை பற்றிய நூலில், கண்டிய ஓவியர் கையாண்ட வண்ணங்களை விவரித்துள்ளார். வெண்களி மண், விளக்குக் கரி, கொறுக்காய் இனத்து மரமொன்றின் மஞ்சட் பிசின், சாதிலிங்கம் ஆகியவை அவற்றுட் சில. இவற்றைக் குவித்து வைத்தால் அக்குவியல் ஓவியமாகாது. களனி விகாரையிற் சோலியஸ் மெண்டிஸ் தீட்டிய சுவரோவியங்களும், பொரளை கோதமி விகாரையில் ஜோர்ஜ் கீற் தீட்டியவையும் காண்போரைக் கவர்வது அவர்தம் கோட்டின் ஆற்றலாலேயாகும்.

ஆயின், பொருள் கலையை ஆக்காது என்பதிலிருந்து, பொருளின் வரலாறு கலைக்குப் புறம்பானது என்னும் முடிவு பெறப்படாது. சாதிலிங்கம் பாதரசமும் கந்தகமும் சேர்ந்த பொருள். அதன் பெருஞ் சுரங்கங்களுள் ஒன்று ஸ்பெயின் நாட்டு அல்மதேன் ஆகும். பாதரசத்துக்காகவே பெரிதும் தோண்டப்பட்ட அச்சுரங்கத்திற் 16ஆம் நூற்றாண்டு முதல் தண்டனைக் கைதிகளும், பின்னர் அடிமைகளும் உழைத்தனர். நஞ்சு அவர்தம் உடலை நடுக்கியது. நீலத்தின் வரலாறும் இத்தகையதே. வங்காளத்து உழவர் தம் நிலத்தில் நெல்லுக்குப் பதிலாக அவுரியைப் பயிரிடுமாறு வற்புறுத்தப்பட்டனர். 1859இல் அவர்கள் கிளர்ந்தெழுந்தனர். 1917இற் காந்தியடிகள் சம்பாரணுக்குச் சென்றதும் அவுரி உழவரின் துயர் காரணமாகவே.

இவ்விடத்து ஒரு மறுப்பு எழலாம். ஓவியத்தைக் கண்டு மகிழ்பவன் எவரையும் வருத்தவில்லை. ஒவ்வொரு நிறத்தின் பிறப்பையும் ஆராயப் புகுந்தால் எக்கலையும் எஞ்சாது என்பது அது. இம்மறுப்பு புறக்கணிக்கத் தக்கதன்று. எனினும், பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஆங்கில ஓவியர் எட்வேர்ட் பேர்ண்-ஜோன்ஸ் பற்றிய செய்தியொன்று இங்குச் சிந்திக்கத்தக்கது. தாம் பயன்படுத்திய கபில வண்ணமொன்று எகிப்திய மம்மிகளை அரைத்துச் செய்யப்பட்டதென அறிந்ததும், அவர் அவ்வண்ணக் குழாயைத் தோட்டத்திற் புதைத்தார் என்பர். வண்ணத்துள் ஒரு மனிதன் இருந்தான் என்னும் அறிவு வந்தபின், அது அவருக்கு வெறும் வண்ணமாக இருக்க இயலவில்லை. அச்செயல் உயர்ந்தது. ஆயினும் இறந்தோருக்குக் காட்டிய அந்த மரியாதையை, சுரங்கத்தில் நடுங்கிய கைகளுக்கும் அவுரி வயலில் நலிந்த உழவனுக்கும் உலகம் காட்டியதா? வண்ணத்துட் கலந்த உடலைக் கண்டு திடுக்கிடுவது எளிது. வண்ணத்துட் கரைந்த உழைப்பைக் காண்பது அரிது.

அறிவியல் இத்துயரைத் தீர்த்துவிட்டது எனக் கருதுவோர் உளர். 1856இல் இங்கிலாந்தில் வில்லியம் பேர்க்கின் நிலக்கரித் தாரிலிருந்து பெறப்பட்ட பொருளைக் கொண்டு ஊதாச் சாயத்தை ஆக்கினார். 1897 முதல் செயற்கை நீலம் சந்தைக்கு வந்தது. அவுரியின் பழைய சுமை குறைந்தது உண்மையே. ஆனால், சுமை நீங்கிற்றா, இடம் மாறிற்றா? இன்றைய செயற்கை வண்ணங்களுக்கும் அவற்றைப் பிணைக்கும் பசைகளுக்கும் பெற்றோலியமே பெரும் மூலம்.

களனி கங்கைக்குத் தெற்கே அமைந்த கொலன்னாவை இதற்குத் தக்கதோர் எடுத்துக்காட்டு. அங்குள்ள பெரும் எண்ணெய்க் குதங்கள் 1995ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் தாக்கப்பட்டுத் தீப்பற்றியபோது உயிர்கள் அழிந்தன. அயலவர் தம் இல்லம் விட்டோடினர். அதே பகுதியில், மீதொட்டமுல்லவிற் கொழும்பு நகரின் கழிவுகள் ஆண்டுக்கணக்காகக் குவிக்கப்பட்டன. 2017ஆம் ஆண்டு ஏப்பிரல் 14ஆம் நாள், புத்தாண்டுத் தினத்தன்று, அம்மேடு சரிந்து முப்பதுக்கு மேற்பட்டோரின் உயிரைக் கொண்டது. ஒரு நகரம் தன் அழகுக்கும் வசதிக்கும் பெற்ற பொருள்களின் வரவும் முடிவும் இவ்வாறு ஒரே ஊரிற் காணப்படுகின்றன. வண்ண உறைகளை வீசியவர் வேறு; அவற்றின்கீழ்ப் புதைந்தவர் வேறு.

எனவே அழகைத் துறத்தல் அறமாகாது. சாதிலிங்கச் சிவப்பை அழித்துவிடுவதால் அல்மதேனில் மாண்டவர் மீளார். பொறுப்பு ஒவ்வொருவரின் ஆற்றலுக்கும் ஏற்ப அமைவது. பொருளை ஆக்கி விற்பவனுக்கு அது மிகுதி. பொருளைத் தெரிந்தெடுக்கும் கலைஞனுக்கு அதனிற் குறைவு. காண்போனுக்கு இன்னுங் குறைவு. குறைவு என்பது இன்மையன்று. காண்போன் ஆற்ற வேண்டியது அறிதலும், அறிந்ததை மறவாதிருத்தலும், தன் காலத்து உழைப்பாளிக்கு நேரும் கேட்டை விதியென ஏற்காது வினவுதலுமாகும்.

அவ்வறிவால் ஓவியத்தின் அழகு குன்றிவிடாது. அற்புதம் வண்ணத்தில் இல்லை. அகழ்ந்தவன், அரைத்தவன், தீட்டியவன் ஆகிய பலரின் கைகளில் உள்ளது. அவருள் ஒருவரை மட்டும் கலைஞன் எனப் போற்றி, ஏனையோரை மறந்துவிடும் இரசனை முழுமையான இரசனையாகாது.