துருவும் காக்கும்

மாயக் கதைகளில் வரும் திருக்கோபுரங்களுக்கு உயிருள்ள கவசம் ஒன்று உண்டு. பகைவனின் அம்பு தைத்த இடத்தில் அது தானே வளர்ந்து மூடிக்கொள்ளும். பிள்ளைகள் இத்தகைய கதைகளை விழி விரியக் கேட்கின்றனர். பெரியவர்களாகிய நாம் கற்பனை என்று சிரித்துவிட்டுப் போகிறோம். ஆனால் நாம் பிறந்த மண்ணின் கோபுரங்களிலும், வந்து வாழும் தில்லியின் தூண் ஒன்றிலும் அத்தகைய கவசம் மெய்யாகவே இருக்கிறது. அது காக்கும் முறையை எண்ணிப் பார்த்தால், ஊர்விட்டு வந்த நம்மை நெடுநாளாக உறுத்தும் வினா ஒன்றுக்கு விடை தென்படுகிறது. ஒன்றைக் காப்பது என்றால் என்ன? மாறாதபடி மூடி வைப்பதா? மாற்றத்தினூடே வாழ விடுவதா?

முதலில் கோபுரத்தைக் காண்போம். நம் கோபுரங்களுள் பெரும்பாலானவற்றின் அடிநிலை கருங்கல். மேல்நிலைகள் செங்கல்லும் சுதையும். சுண்ணாம்புக் கல்லைக் காளவாயில் சுட்டு, நீற்றி, மணலோடு அரைத்து, கடுக்காய் ஊறிய நீரும் வெல்லமும் சேர்த்துச் சுதை ஆக்குவது பழைய வழக்கம். பூசி முடித்த பின்னரே சுதையின் வாழ்வு தொடங்குகிறது. சுடும்போது இழந்த கரியமிலவாயுவைக் காற்றிலிருந்து சிறிது சிறிதாக மீட்டுக்கொண்டு அது மீண்டும் கல்லாகிறது. நுண்ணிய வெடிப்புத் தோன்றினால், அவ்வழியே புகும் மழைநீர் சுண்ணாம்பைச் சிறிது கரைத்து, அவ்வெடிப்பிலேயே படியவைத்து மூடுவதும் உண்டு. உள்ளே சென்ற ஈரத்தையும் அது வெளியே விட்டுவிடுகிறது.

இதனினும் வலியது என்று எண்ணிப் பழைய சுதைமேல் சிமெண்டு பூசினால் நிகழ்வது வேறு. ஈரம் உள்ளே அகப்பட்டுக்கொள்கிறது. உப்புப் பூத்துச் செங்கல் உதிர்கிறது. மேற்பூச்சு உறுதியாகவே நிற்கிறது. காக்கப்பட வேண்டியதுதான் பொடியாகிறது.

இனித் தில்லித் தூணுக்கு வருவோம். ஊரிலிருந்து வரும் உறவினரையெல்லாம் குதுப்மினாருக்கு அழைத்துச் சென்று, அங்கு நிற்கும் இரும்புத் தூணைக் காட்டி, ‘துருப்பிடிக்காத தூண்’ என்று சொல்லி வருகிறோம். 7 மீட்டருக்கு மேற்பட்ட உயரமும் 6 டன்னுக்கு மேற்பட்ட எடையும் உடையது அது. சந்திரன் என்னும் மன்னன் திருமாலின் கொடித்தம்பமாக விஷ்ணுபதம் என்னும் குன்றில் நாட்டியது என்று அதில் பொறித்துள்ள வடமொழிப் பாடல் கூறுகிறது. அவன் குப்தப் பேரரசன் இரண்டாம் சந்திரகுப்தன் என்பது அறிஞர் பலரின் கருத்து. ஆதலின் தூணுக்கு அகவை ஏறத்தாழ 1600. அது முதலில் நின்ற இடமும் தில்லி அன்று என்பர். நம்மைப் போல அதுவும் வேற்றூரிலிருந்து வந்தது!

கான்பூர் ஐ.ஐ.டி.யில் பேராசிரியராக இருந்த ஆர். பாலசுப்பிரமணியம் இத்தூணைப் பல்லாண்டு ஆராய்ந்தார். 2000ஆம் ஆண்டையொட்டி அவர் வெளியிட்ட விளக்கம் வியப்பூட்டுவது. தூண் துருப்பிடிக்காதது அன்று. தன் துருவாலேயே அது காக்கப்படுகிறது. பழங்கொல்லர் மரக்கரி உலையில் பிரித்தெடுத்த இரும்பில் பாஸ்பரஸ் மிகுதியாக இருந்தது. மழையில் நனைந்தும் வெயிலில் உலர்ந்தும் காலம் கழிய, முதலில் தோன்றிய துருவினடியில், இரும்பை ஒட்டினாற்போல, பாஸ்பேட் செறிந்த மெல்லிய படலம் ஒன்று உருவாயிற்று. அதன் தடிமன் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டரின் இருபதில் ஒரு பங்கு. அதுவே கவசம். இரும்பை எளிதில் உடையச் செய்யும் மாசு என்று பாஸ்பரஸை இக்கால ஆலைகள் நீக்கிவிடுகின்றன. அம்மாசே இங்குக் காவலாயிற்று.

1961இல் தூணைத் தோண்டியபோது, மண்ணுள் புதைந்திருந்த பகுதி துருவால் அரிக்கப்பட்டிருக்கக் கண்டனர். வெயிலும் மழையும் மாறிமாறிப் படாத இடத்தில் கவசம் வளரவில்லை. 1997இல் தூணைச் சுற்றி வேலி எழுந்தது. கைகளைப் பின்புறம் வளைத்துத் தூணை அணைத்தால் நல்லூழ் வாய்க்கும் என்று நம்பி, வந்தவரெல்லாம் தழுவித் தழுவி அப்பகுதி தேய்ந்துபோனதே காரணம். அளவிறந்த தழுவலும் கவசத்தைத் தேய்க்கும்.

இப்போது நம் இல்லத்துக்குள் நோக்குவோம். ஊரிலுள்ள பாட்டியிடம் தொலைபேசியில், “சப்ஜி வாங்கப் போனோம்” என்று பேத்தி சொல்கிறாள். “காய் என்று சொல்” என்று இடைமறிக்கிறோம். மீண்டும் ஓர் இந்திச் சொல், மீண்டும் இடைமறிக்கிறோம். மூன்றாம் முறை அவள் தொலைபேசியை நம் கையில் கொடுத்துவிட்டுப் போய்விடுகிறாள். ஒரு சொல்லைக் காத்தோம்; ஓர் உரையாடலை இழந்தோம். சிமெண்டுப் பூச்சு அன்றோ இது?

அங்ஙனமாயின் எல்லாவற்றையும் காற்றுக்கு விட்டுவிடலாமா எனின், கூடாது. எல்லாத் துருவும் காப்பதில்லை. நம் வீட்டுச் சன்னல் கம்பியைப் பாருங்கள். அதே தில்லிக் காற்றில் அது செதிள் செதிளாக உதிர்கிறது. இரண்டுக்கும் வேறுபாடு உள்ளே கலந்திருக்கும் பொருளில் உள்ளது. ஆகவே நம் கடமை உலையில் தொடங்குகிறது. தாலாட்டு, இரவுக் கதை, எழுத்தறிவு, உறவினரை முறைவைத்து அழைக்கும் பழக்கம் ஆகியவற்றை இளமையில் கலக்காதிருந்துவிட்டு, பின்னர் ‘மாற்றம் இயற்கைதானே’ என்று ஆறுதல் கொள்வது சோம்பலுக்குச் சூட்டிய நற்பெயர். கலந்துவிட்ட பின்னரோ, வெயிலுக்கும் மழைக்கும் அஞ்சுதல் வேண்டா.

இன்னும் ஒன்று. சுதை தானே ஆற்றிக்கொள்வது நுண்ணிய வெடிப்பை மட்டுமே. பெருவெடிப்புக்கு மனிதர் கை வேண்டும். பன்னிரண்டாண்டுக்கு ஒருமுறை திருப்பணி செய்து குடமுழுக்கு நடத்தும் மரபு அதற்கு இடம் தருகிறது. பழுது பார்ப்பதைக் குற்றம் காண்பதாக நம் முன்னோர் கருதவில்லை, விழாவாகவே கொண்டாடினர்.

அடுத்த முறை பேத்தி பாட்டியோடு பேசுகையில் அவள் முழுவதும் பேசி முடிக்கட்டும். நம் முறை வரும்போது, “ஆமாம் அம்மா, காய் வாங்கத்தான் போனோம்” என்று நாம் இயல்பாகச் சொல்வோம். அவள் அருகில்தான் நிற்பாள். அச்சொல் அவள் காதில் விழும்.