வண்டி போச்சு, நம்பர் இருக்கு!

உங்கள் பழைய மொபெட் இப்போது எங்கே இருக்கிறது?

கல்யாணமான புதிதில் பெட்ரோலை அளந்து அளந்து போட்டு ஓட்டினீர்களே, அதைத்தான் கேட்கிறேன். ‘அதை வித்து எத்தனையோ வருஷமாச்சு’ என்பீர்கள். சரி, யாரிடம்? மெக்கானிக்கிடம். மெக்கானிக் யாரிடம் தள்ளிவிட்டார்? அங்கே கதை நின்றுவிடும். ‘29, 30-ல கையெழுத்துப் போட்டுக் கொடுத்துட்டேன் சார்’ என்ற நிம்மதியான வாக்கியம் மட்டும் மிஞ்சும். பெயர் மாற்றத்துக்கான அந்த இரண்டு படிவங்களிலும் வாங்குகிறவர் பெயர் எழுதும் இடம் காலியாகவே இருந்ததே... அதை யாரும் சொல்வதில்லை.

தூத்துக்குடி மாதிரி ஊரில் ஒரு வண்டியின் வாழ்க்கை வரலாற்றைப் பார்க்கணும். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் உப்பளம். உப்புக் காத்து இரும்பைச் சும்மா விடாது. சைலன்சர் ஓட்டையாகும், மட்கார்டு உதிரும். ஆனாலும் வண்டி சாகாது. ஆபீஸ் போய்க்கொண்டிருந்த மொபெட் மீன் கூடை சுமக்கும். அப்புறம் உப்பளத்துக்குத் தண்ணிக் குடம் சுமக்கும். கடைசியில் காயலான் கடை. அந்தச் சொல்லே இந்தக் கரையில் பிறந்ததுதான். பழைய இரும்பு வியாபாரத்தில் பேர்போன காயல்பட்டினத்துக்காரர்களால் வந்த பெயர் என்பார்கள். மார்க்கோ போலோ தன் பயணக் குறிப்பில் எழுதிவைத்த காயல் துறைமுகமும் இதே கரைதான். அந்தக் காலத்தில் இங்கே முத்து விற்ற கை, பிறகு ஓட்டை உடைசலும் விற்றிருக்கிறது. ஒரே வித்தியாசம், முத்தை விற்றவனைத் தேடி யாரும் திரும்பி வருவதில்லை. வண்டி அப்படி இல்லை.

1988-ம் வருட மோட்டார் வாகனச் சட்டத்தில் 55-வது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. வண்டி அழிந்துபோனாலோ, இனி ஓடவே ஓடாது என்றாலோ, 14 நாட்களுக்குள் அல்லது முடிந்த சீக்கிரத்தில் ஆர்.டி.ஓ. ஆபீசுக்குச் சொல்லி, ஆர்.சி. புத்தகத்தை ஒப்படைக்க வேண்டும். மனுஷன் செத்தால் சர்டிபிகேட் வாங்கத் தெரிந்த நமக்கு, வண்டி செத்தாலும் சொல்லணும் என்று தோன்றுவதே இல்லை. கிலோ கணக்கில் எடை போட்டு, நம்பர் பிளேட்டையும் தராசிலேயே விட்டுவிட்டு வருகிறோம். செத்தவர் பெயரில் ரேஷன் வாங்குகிற மாதிரி, செத்த வண்டியின் நம்பரில் ஒரு திருட்டு வண்டி ஜம்மென்று ஓடலாம். ஜெர்மனியில் பதிவை ரத்து செய்ய ஆபீசுக்குப் போனால், பிளேட்டையும் கையோடு கொண்டுபோகணும். அதில் ஒட்டியிருக்கும் அரசு முத்திரையைச் சுரண்டி எடுத்துவிட்டுத்தான் விடுவார்கள். ஜப்பானில் பிளேட்டையே திருப்பிக் கொடுத்துவிடணும். நம்மூரிலும் 2021-ல் விதி வந்தது. பதிவு பெற்ற வாகன உடைப்பு நிலையத்தில் கொடுத்தால், சேஸிஸ் நம்பர் உள்ள துண்டைத் தனியாக வெட்டி எடுத்து, வண்டி ஒழிந்ததற்குச் சான்றிதழும் தருவார்கள். நல்ல ஏற்பாடுதான். ஆனால், காயலான் கடை அண்ணாச்சி வாசலுக்கே வந்து ரொக்கம் தருகிறாரே!

விதிகளை விடுங்கள். எனக்குள் உறுத்துகிற கேள்வி வேறு. காசு வாங்கியாச்சு, சாவி கொடுத்தாச்சு. அதற்குப் பிறகு அந்த வண்டி செய்கிற பாவத்துக்கு நான் ஏன் பொறுப்பு?

உச்ச நீதிமன்றத்துக்கே இந்தக் கேள்வி வந்தது. 2009-ல் ஒரு கார் விபத்து. அதற்குள் அந்தக் கார் வரிசையாகப் பல கை மாறியிருந்தது. ஆர்.சி.யில் மட்டும் பழைய பெயர். ‘நான் எப்பவோ வித்துட்டேன்’ என்றார் அந்தப் பெயருக்குரியவர். 2018-ல் தீர்ப்பு வந்தது. பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவர்தான் உரிமையாளர், நஷ்ட ஈடு அவர் பொறுப்பு.

முதலில் படித்தபோது அநியாயமாகத்தான் தோன்றியது. அந்த மனிதர் ஸ்டியரிங்கைத் தொடவில்லை. விபத்து நடந்த தெருவில்கூட இல்லை. ஆனால், நீதிமன்றம் சொன்ன காரணத்தைப் பாருங்கள். விபத்தில் பறிகொடுத்தவர்கள், பதிவாகாத விற்பனைகளை ஒவ்வொன்றாகத் துரத்திக்கொண்டு அலைய முடியாது. ஆஸ்பத்திரிக்கு அலைகிற குடும்பம், ‘அவர்கிட்ட கேளு, இவர்கிட்ட கேளு’ என்று மெக்கானிக் வீட்டுக்கும் புரோக்கர் வீட்டுக்கும் அலையணுமா?

நான் பி.காம். படித்தவன். வருவதைப் பற்று வை, போவதை வரவு வை என்று மூன்று வருஷம் மண்டையில் தட்டித் தட்டி ஏற்றினார்கள். அந்தக் கணக்கில் சொத்து என்பது ஒரு வரி, அவ்வளவுதான். வண்டி விஷயத்தில் அந்தப் பாடம் போதாது என்று இப்போது படுகிறது. ‘என் வண்டி’ என்று சொல்லும்போது நமக்கு உரிமைதான் ஞாபகம் வருகிறது. முன்னாலும் பின்னாலும் தொங்குகிற அந்தத் தகடு உரிமைச் சீட்டு அல்ல. முன்பின் தெரியாத ஒருவருக்கு நாம் கொடுத்திருக்கும் விலாசம். ‘இதனால் உனக்கு ஏதாவது ஆனால், இங்கே வந்து கதவைத் தட்டு’ என்று எழுதிக் கட்டியிருக்கிறோம். வண்டியை விற்கலாம், உடைக்கலாம். விலாசத்தை மாற்றி எழுதாமல் விட்டால், தட்டுகிறவன் நம் கதவைத்தான் தட்டுவான்.

விலாசம் என்றதும் துறைமுகம் ஞாபகம் வருகிறது. தூத்துக்குடிக்கு வரும் கப்பல்களின் பின்புறத்தில் பெயருக்குக் கீழே ஊர் எழுதியிருக்கும். பனாமா, மன்ரோவியா, மஜுரோ. அந்த ஊரைக் கண்ணால்கூடப் பார்க்காத கப்பல்கள் உலகத்தில் ஏராளம். முதலாளி ஒரு நாட்டில், மாலுமிகள் இன்னொரு நாட்டில், பதிவு மூன்றாவது நாட்டில். சம்பள பாக்கி என்றாலோ, எண்ணெய் கொட்டினாலோ எந்தக் கதவைத் தட்டுவது? காகிதம் மட்டும் கச்சிதமாக இருக்கும். மறதியில் ஆர்.சி.யை மாற்றாத நம்ம ஊர்ப் பெரியவரிடம் நஷ்ட ஈட்டை வாங்க முடிகிறது. யோசித்து, வக்கீல் வைத்து விலாசத்தை மறைத்தவரிடம் அது அவ்வளவு சுலபம் இல்லை. இது என்னை ரொம்பவே கோபப்படுத்துகிறது.

இன்னொன்றும் உண்டு. பிரேக் பிடிக்காது என்று தெரிந்தே, வாயைத் திறக்காமல் வண்டியை விற்கிறார் ஒருவர். 29, 30 எல்லாம் பக்கா. பெயர் மாறிவிட்டது. அடுத்த வாரம் அந்த வண்டி யார் மீதாவது ஏறினால், இவர் பெயர் பதிவேட்டில் இல்லை. பக்கத்து வீட்டுக்காரர், வண்டியைப் பளிச்சென்று ரிப்பேர் பார்த்து, குறைகளை ஒளிக்காமல் சொல்லி விற்றவர். பாவம், ஆர்.டி.ஓ. ஆபீசுக்குப் போகச் சோம்பல். சம்மன் இவருக்குத்தான் வரும். பதிவேடு மனசாட்சியைப் படிக்காது. படிக்கச் சொன்னால் பறிகொடுத்தவர்களுக்குத்தான் நஷ்டம் என்பதும் உண்மை.

‘வித்ததோட முடிஞ்சது’ என்கிறவர்களிடம் இந்த ஊரைக் காட்டித்தான் வாதாடத் தோன்றுகிறது. வ.உ.சி.யின் சுதேசிக் கப்பல் கம்பெனி 1906-ல் பிறந்தது. கலியா, லாவோ என்று இரண்டு கப்பல்கள், வெள்ளைக்காரக் கம்பெனிக்குப் போட்டியாக. அவர் சிறையில் இருந்தபோதே 1911-ல் கம்பெனி கலைக்கப்பட்டு, கப்பல் போட்டியாளர் கைக்கே போனது. கணக்குப்படி அது ஒரு சொத்து விற்பனை. நூறு வருஷம் தாண்டியும் அந்த விற்பனையை இந்த ஊர் மறக்கவில்லை. அவர் பெயரை 2011-ல் துறைமுகத்துக்கே வைத்தாகிவிட்டது. கப்பல் யார் கைக்குப் போனது என்ற வருத்தம் மட்டும் போகவில்லை.

உங்கள் மொபெட்டுக்கு வருவோம். பழைய நம்பர் எப்படியும் மறந்திருக்காது. மனைவியின் செல் நம்பர் மறக்கும், முதல் வண்டியின் நம்பர் மறக்காது! பரிவாகன் தளத்தில் அதைத் தட்டிப் பாருங்கள். உரிமையாளர் பெயரை முழுசாகக் காட்டாது. சில எழுத்துகளும் நடுநடுவே நட்சத்திரங்களும்தான் தெரியும். உங்கள் பெயர் உங்களுக்குத் தெரியாமலா போய்விடும்?