இறந்த மாணவர்களில் யாருக்கு இடம்?

பழைய மாணவர் ஒன்றுகூடல் தெற்குக் கெடாவில் இப்போது ஆண்டுக்கொரு சடங்காகிவிட்டது. கூலிம், கரங்கான், பாடாங் செராய், சுங்கை பட்டாணி என எந்தப் பக்கம் போனாலும் மண்டபம் பிடித்து, ஒரே நிறத்தில் சட்டை தைத்து, மலர் அச்சடித்து நடத்துகிறார்கள். நல்ல காரியம்தான். நெருடுவது அந்த மலரில் 'மறைந்த நம் நண்பர்கள்' என்ற தலைப்போடு வரும் பக்கம். மேலே கோட்டு போட்ட டத்தோவின் வண்ணப்படம், கால் பக்கத்துக்கு. அதன் கீழே ஒரு மருத்துவர், ஒரு வழக்கறிஞர், இரண்டு தலைமையாசிரியர்கள், அஞ்சல்தலை அளவில். கடைசி வரியில் 'மேலும் பலர்'. சில மலர்களில் படத்தின் அளவைத் தீர்மானிப்பது குடும்பம் தந்த நன்கொடை என்பது ஊரறிந்த இரகசியம். கேட்டால், ஏற்பாட்டுக் குழுவிடம் பதில் தயாராக இருக்கிறது: இடம் போதாது, எல்லாரையும் போட முடியுமா?

முடியும். போட்டே ஆக வேண்டும். ஒரே பெஞ்சில் உட்கார்ந்து, ஒரே வாத்தியாரிடம் அடி வாங்கி, ஒரே பதிவேட்டில் பெயர் ஏறியவர்களைச் செத்த பிறகு பட்டம் பார்த்துப் பிரிப்பது அறமாகாது. நன்கொடை பார்த்துப் பிரிப்பதோ வியாபாரம்.

கரங்கான் சுற்றுவட்டத் தோட்டங்களில் படித்தவர்களின் வாழ்க்கை எப்படிப் போனது என்பது இந்தப் பக்கத்தவருக்குத் தெரியாததல்ல. ஒரு வகுப்பில் ஒருவரோ இருவரோ பல்கலைக்கழகம் வரை போனார்கள். சிலர் சுங்கை பட்டாணி சுல்தான் அப்துல் ஹலிம் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிக்குப் போய், தமிழாசிரியர்களாகித் தோட்டப் பள்ளிக்கே திரும்பி வந்தார்கள். மற்றவர்கள் விடியுமுன் பெரட்டுக்குப் போய்ப் பால்மரம் வெட்டினார்கள். ரப்பர் போய்ச் செம்பனை வந்ததும் குலை அறுத்தார்கள். கூலிம் உயர்தொழில்நுட்பப் பூங்கா வந்த பிறகு தொழிற்சாலைப் பேருந்தில் ஏறினார்கள். லாரி ஓட்டினார்கள், காவலுக்கு நின்றார்கள், குடித்தும் கெட்டார்கள். இவர்களில் பலர் அறுபதைக்கூடப் பார்க்காமல் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். மலரின் கடைசி வரியில் கரைந்துபோவது இவர்கள்தாம்.

வள்ளுவர் இல்வாழ்வான் பேண வேண்டிய ஐந்து தரப்பைச் சொல்லும்போது, தென்புலத்தாரை, அதாவது மறைந்தவர்களை, முதலில் வைத்தார். தெய்வமும் விருந்தும் சுற்றமும் அதற்குப் பிறகுதான். அந்த முதலிடத்தைச் சொத்து வைத்துப்போன முன்னோருக்கு மட்டும் அவர் ஒதுக்கவில்லை. தொல்காப்பியப் புறத்திணையியல், கல்லைத் தேர்வதிலிருந்து வாழ்த்துவது வரை நடுகல் எடுக்கும் துறைகளை வரிசையாக அடுக்குகிறது. இறந்தவனை நினைப்பதற்கு இலக்கணமே வகுத்த சமூகம் நம்முடையது. அந்தக் கற்கள் யாருக்கு எடுக்கப்பட்டன? 2006-இல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த தமிழ்-பிராமி நடுகற்களைப் பாருங்கள். ஆநிரைப் பூசலில் மாண்ட ஒருவனுக்கு, ஊரும் பேரும் வெட்டி நிறுத்தியிருக்கிறார்கள். அவன் வேந்தனல்லன், வேளுமல்லன்.

இன்னொன்று உண்டு. திருவண்ணாமலை மாவட்டத்து எடுத்தனூரில், மகேந்திரவர்ம பல்லவன் காலத்து நடுகல். தொறு மீட்கப் போரிட்டு இறந்த கருந்தேவக்கத்தி என்ற வீரனின் உருவம் அதில் இருக்கிறது. பக்கத்தில் ஒரு நாய். தலைவன் விழுந்த பிறகும் கள்ளர் இருவரைக் கடித்து நின்ற அந்த நாயின் பெயர் கோவிவன் என்று கல்லில் எழுதியிருக்கிறது. பதினான்கு நூற்றாண்டுக்கு முன்பு, உளிகொண்டு கல்லில் கொத்த வேண்டிய காலத்தில், ஒரு நாயின் பெயருக்கு இடம் இருந்தது. கணினியில் தட்டச்சு செய்யும் நமக்குக் கூடப் படித்தவனின் பெயருக்கு இடம் போதவில்லையாம்!

புறநானூறு முழுக்க இந்தப் பாடமே. கோப்பெருஞ்சோழன் வடக்கிருந்து உயிர்விட்ட பின் வந்த பொத்தியார், அவனுடைய நடுகல்லிடமே தமக்கும் இடம் கேட்கிறார். அங்கே நட்பு பேசுகிறதே தவிர அரச பதவி பேசவில்லை. பறம்பை இழந்த பாரிக்காகக் கபிலர் அழுத அழுகை, தோற்றவனுக்காக அழுதது. பெரியோரை வியக்கவும் மாட்டோம், சிறியோரை இகழ்வது அதைவிடவும் செய்யோம் என்ற கணியன் பூங்குன்றனாரின் கருத்தை மேடைக்கு மேடை முழங்கும் நாம், மலர் அச்சாகும் இரவில் மட்டும் மறந்துவிடுகிறோம்.

பெயர் விட்டுப்போனால் என்ன ஆகும் என்று கெடா தோட்டத்துத் தமிழனுக்கு வேறெவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஜப்பானியர் போட்ட சயாம்-பர்மா ரயில்பாதை, 415 கிலோமீட்டர், 1943 அக்டோபரில் முடிந்தது. அந்த வேலையில் இறந்த நேசநாட்டுப் போர்க்கைதிகள் பன்னிரண்டாயிரத்துச் சொச்சம். அவர்களில் கிட்டத்தட்ட 7,000 பேர் காஞ்சனாபுரி போர்க் கல்லறையில் வரிசையாகக் கிடக்கிறார்கள். ஆள் தெரிந்த ஒவ்வொருவர் தலைமாட்டிலும் பெயர், படைப்பிரிவு, வயது. ஆசியத் தொழிலாளர்களில் மாண்டவர்கள் அதைப்போலப் பல மடங்கு. 90,000 வரை இருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து பிடித்துப்போன தமிழர்கள் அதில் பெரும்பங்கு. அவர்கள் பெயர்? கிராணியின் பெரட்டுப் புத்தகத்தோடு போயிற்று. ஆர். சண்முகம் 'சயாம் மரண ரயில்' எழுதினார், அ. ரெங்கசாமி 'நினைவுச் சின்னம்' எழுதினார், நம் சுங்கை பட்டாணிக்காரரான கோ. புண்ணியவான் 'கையறு' எழுதினார். பட்டியல் செய்ய வேண்டிய வேலையை நாவல்கள் செய்ய வேண்டியதாயிற்று. எண்பது ஆண்டு கழித்து இப்போதுதான் காஞ்சனாபுரியில் தமிழர்க்கென்று ஒரு நடுகல் நிற்கிறது. அதற்குத் தமிழக அரசும் பத்து லட்சம் ரூபாய் கொடுத்தது. கல் வந்தது, பெயர்கள் வரவில்லை. இனி எங்கே போய்த் தேடுவது?

துங்கு அப்துல் ரஹ்மான் இங்கே நினைக்கத்தக்கவர். அலோர் ஸ்டார் சுல்தான் அப்துல் ஹமிட் கல்லூரியின் பழைய மாணவர், பிறகு கேம்பிரிட்ஜ் பட்டதாரி. 1941 டிசம்பரில் ஜப்பானியர் நுழைந்தபோது கூலிம் மாவட்ட அதிகாரியாக இருந்தவர். அந்த ரயில்பாதையிலிருந்து தப்பி வந்தவர்களுக்கு, ஆபத்தை உணர்ந்தே, நண்பர்களோடு சேர்ந்து தங்குமிடமும் சோறும் கொடுத்தார். நாட்டின் தந்தையை அவர் படித்த கல்லூரி நினைப்பது பெரிய அறமல்ல, அது தானாக நடக்கும். அவர் கையால் சோறு வாங்கித் தின்றவனை யார் நினைப்பது என்பதுதான் கேள்வி.

மறுபக்கத்தையும் கேட்க வேண்டும். எல்லாச் சாவும் எழுதக்கூடிய சாவல்ல, குடும்பத்துக்கு மானம் இருக்கிறது என்பார்கள். சாதித்தவரை முன்னிறுத்தினால்தான் இளையோர் படிப்பார்கள் என்பார்கள். குற்றமற்ற நன்மை தருமானால் பொய்யும் வாய்மைக்கு நிகர் என்று வள்ளுவரே சொன்னார் என்றும் எடுத்துக்காட்டுவார்கள். சரி, இருக்கட்டும். எப்படிச் செத்தார் என்பதைக் குடும்பம் மறைக்க விரும்பினால் மறைக்கட்டும். சாவின் காரணம் குடும்பத்துக்குச் சொந்தம். அதைச் சாக்காக வைத்து, அவர் நம்மோடு படித்தார் என்பதையே மறைக்க எவருக்கும் உரிமையில்லை.

உண்மையில், குடும்ப மானத்தின் பெயரால் மறைக்கப்படுவது பெரும்பாலும் சமூகத்தின் குற்றமே. 1981-இல் லூனாஸில் நச்சுச் சம்சு குடித்துப் பலர் துடிதுடித்து இறந்தார்கள். குடிகாரர்கள் செத்தார்கள் என்று ஊர் உதட்டைப் பிதுக்கிவிட்டு நகர்ந்தது. சம்சுவைக் காய்ச்சியவன் யார், தோட்டத்து லயத்தின் வாசல்வரை விற்கவிட்டவன் யார் என்ற கேள்வியும் பிணத்தோடு புதைந்தது. ம. நவீனின் 'பேய்ச்சி' அந்த லூனாஸை நாவலாக்கியது. 2020 டிசம்பரில் உள்துறை அமைச்சு வேறு காரணம் சொல்லி அதைத் தடை செய்தது. சாலையில் இறப்போர் கதையும் இதுதான். இந்நாட்டில் ஆண்டுக்கு 6,000 பேருக்கு மேல் சாலையில் சாகிறார்கள், பாதிக்கு மேல் மோட்டார் சைக்கிளில் போனவர்கள். செமிலிங்கில் இருக்கும் ஏய்ம்ஸ்ட் பல்கலைக்கழகம் தொடங்கி இருபதாண்டுக்கு மேலாகிறது. கல்லூரி முடித்து ஓரிரு ஆண்டில், வேலைக்குப் போகும் வழியில் முடிந்துபோகிறவர்கள் நம் பிள்ளைகளிலும் உண்டு. பட்டம் இருந்தும் பதவி வருமுன் போனவனை மலர் எந்த வரிசையில் வைக்கும்?

விரோதியையே சேர்த்துக்கொண்ட கல்லூரி ஒன்று உண்டு. ஆக்ஸ்போர்டின் நியூ காலேஜ், முதல் உலகப்போரில் பிரிட்டனை எதிர்த்து ஜெர்மனிக்காகப் போரிட்டு மாண்ட தன் மாணவர் மூவருக்கு, தன் தேவாலயத்துக்குள்ளேயே பெயரோடு கல் பதித்தது. பிள்ளைகளை அந்தப் போரில் பறிகொடுத்த பெற்றோர் பலர் அப்போது உயிரோடு இருந்தார்கள். நம்மிடம் அவ்வளவு பெரிய மனத்தை யாரும் கேட்கவில்லை. சங்கத் தேர்தலில் எதிரணியில் நின்றவர், கட்சி மாறியவர், கடன் வாங்கித் திருப்பாதவர், மதம் மாறி மணந்து போனவர், இவர்கள் பெயரை விடாதிருந்தால் போதும்.

1947-ஐயும் சொல்லியாக வேண்டும். கூலிம் மாவட்டத்து டப்ளின் தோட்டத்திலும் பீடோங்கிலும் கூடிய தோட்டத் தொழிலாளர்கள்மீது அந்த ஆண்டு போலீஸ் பாய்ந்தது, தொழிலாளர் உயிர் போனது. அந்தத் தொழிலாளர் தலைமுறையில் பள்ளிப் படிப்பை முடிக்காமலே போனவர்கள் ஏராளம். இடையில் நின்றவனைப் பழைய மாணவன் அல்ல என்று தள்ளும் விதி சில சங்கங்களில் இன்றும் உண்டு. ஆறாம் ஆண்டு முடித்தவர்களையே எண்ணினால், தோட்டத்தின் வரலாற்றில் பாதியை வெளியே நிறுத்திவிட்டுக் கதவைச் சாத்துகிறோம் என்று பொருள்.

காலமும் குறைவு. நாடு விடுதலை பெற்றபோது 800-க்கு மேல் இருந்த தமிழ்ப்பள்ளிகள் இன்று 530 அளவில் நிற்கின்றன. மூடிய பள்ளிகளில் பெரும்பாலானவை தோட்டப் பள்ளிகள். மாணவர் இல்லாமல் மூடும்போதும், நகருக்கு இடம் மாறும்போதும் பழைய சேர்க்கைப் பதிவேடு கறையானுக்குப் போகிறது, அல்லது மாற்றலாகிப்போன தலைமையாசிரியரின் பெட்டிக்குள் போகிறது. தந்தை பெயர், தோட்டம், எத்தனையாவது லயம், சேர்ந்த தேதி எல்லாம் அதில்தான் இருந்தன. பதிவேடு அழிந்தாலும் நன்றிக்கடன் அழியாது; செய்த நன்றியை மறந்தவனுக்கு உய்வில்லை என்றார் வள்ளுவர். கல்லூரிக்குக் கட்டணம் கட்ட முடியாதபோது தன் சம்பளத்தில் கடன் கொடுத்து அனுப்பிவைத்த பால்மர வெட்டுக்காரர், பலருடைய வாழ்க்கையில் உண்டு. அவரும் அதே பள்ளியின் பழைய மாணவர்தான்.

அதனால் இவ்வாண்டு மலர் தயாரிக்கும் குழுக்களுக்கு ஒரு வேண்டுகோள். 'மேலும் பலர்' என்ற வரியை எடுத்துவிடுங்கள். படமே இல்லாமல் போனாலும் பரவாயில்லை. ஒவ்வொருவருக்கும் ஒரே எழுத்தளவில் பெயர், தோட்டம், படித்த ஆண்டு, செய்த வேலை, இந்த நான்கும் அகர வரிசையில் வரட்டும். டத்தோவும் அதே வரிசையில் வரட்டும், அவர் குடும்பம் கோபித்தால் கோபிக்கட்டும். இரங்கல் பக்கத்துக்கு நன்கொடை வாங்காதீர்கள். புலனக் குழுவில் 'ஆழ்ந்த இரங்கல்' என்று போட்டுவிட்டு நகராமல், இறந்தவரைப் பற்றித் தெரிந்த இரண்டு வரியை அங்கேயே எழுதிவையுங்கள். அச்சகத்துக்குப் போகுமுன் ஓய்வு பெற்ற ஆசிரியர்களையும் பழைய மண்டோர்களையும் வீடு தேடிப் போய்ப் பாருங்கள். யார் யார் மகன், எந்த லயம் என்று கேட்டால் சொல்லக்கூடியவர்கள் அவர்கள் மட்டுமே, அவர்களும் எண்பதைத் தாண்டிவிட்டார்கள்.