கெர்ட் ஃப்ரோபெ: குரல் இரவல், முகம் சொந்தம்

ஜெர்மானிய நடிகர் கெர்ட் ஃப்ரோபெ 1913இல் சாக்சனியில் பிறந்தார். இளமையில் வயலின் வாசித்தவர். பிறகு நாடக மேடைக்கு வந்தார். 1948இல் வெளிவந்த 'பெர்லினர் பல்லாடெ' படத்தில், இடிந்து கிடக்கும் பெர்லினுக்குத் திரும்பும் படைவீரன் வேடம். எலும்பும் தோலுமான அந்த மனிதர்தான் பிற்காலத்தில் பருத்த வில்லன் ஆனார் என்றால் நம்புவது கடினம்.

திருப்புமுனை 1958இல் வந்தது. எழுத்தாளர் ட்யூரன்மாட் பங்கேற்று எழுதிய ஒரு குற்றப்படத்தில் சிறுமிகளைக் கொல்பவனாக நடித்தார். வீட்டில் மனைவிக்கு அடங்கி ஒடுங்கும் அதே ஆள், காட்டில் கைப்பொம்மையை ஆட்டிச் சிறுமியைச் சிரிக்க வைக்கிறான். கத்தியை விட அந்தப் பொம்மைதான் குலைநடுங்க வைக்கிறது.

இந்த வேடமே 1964இல் 'கோல்ட்ஃபிங்கர்' என்ற ஜேம்ஸ் பாண்ட் படத்தில் வில்லன் வாய்ப்பைத் தேடித் தந்தது. ஆங்கிலம் சரளமாக வராததால் மைக்கேல் காலின்ஸ் என்ற நடிகர் குரல் கொடுத்தார். ஜெர்மன் பதிப்பில் மட்டும் ஃப்ரோபெயே பேசினார். படத்தில் பாதி நடிப்பு இரவல் குரல்தான். ஆனாலும் உலகம் நினைவில் வைத்திருப்பது அந்த முகத்தை.

முன்பு நாஜிக் கட்சியில் உறுப்பினராக இருந்தது தெரியவந்தபோது இஸ்ரேல் அவர் படங்களைத் தடைசெய்தது. போர்க்காலத்தில் யூதத் தாயையும் மகனையும் ஒளித்துக் காத்தவர் இவர் என்று அந்த மகனே முன்வந்து சொன்னபின் தடை நீங்கியது.

1974இல் குழந்தைகளுக்கான 'ஹோட்சன்ப்ளோட்ஸ்' கொள்ளையன் வேடம். கடைசியில் தொலைக்காட்சித் தொடர்களிலும் தோன்றினார். 1988 செப்டம்பரில் மியூனிக்கில் காலமானார்.