இருளில் ஒரு முகம்

ஐப்பசி கழிந்து ராகிக் கதிர் முற்றும் நாட்களில், ஜவளகிரிக் காட்டிலிருந்து தளி, தேன்கனிக்கோட்டை வழியாக யானைக் கூட்டம் எங்கள் சானமாவுக் காட்டை வந்தடைந்தது என்ற செய்தி பரவிவிட்டால், பரண்மீது காவலிருக்கும் குடியானவருக்கும், ஓசூர் ஆலையில் இரவு ஷிப்டு முடிந்து நெடுஞ்சாலையில் இறங்கி ஊருக்குள் நடந்துவரும் இளைஞருக்கும் வழியோரத்துப் பாறைகளெல்லாம் யானைகளாகவே தோன்றத் தொடங்கும். கயிற்றில் அரவைக் கண்டவனை உதாரணமாகக் கூறுவது வேதாந்திகளின் வழக்கம். எங்கள் ஊரார் அவனுக்குச் சற்றும் இளைத்தவர் அல்லர். ஒரே வித்தியாசம், இங்கே சில வேளைகளில் பாறை எழுந்து நடந்துவிடும்.

ஒன்றன்மீது மற்றொன்றை ஏற்றிக் காணும் இவ்வியல்புக்கு அத்தியாசம் என்று பெயரிட்டு, பிரம்ம சூத்திர பாஷ்யத்தின் முகப்பிலேயே அதனை விசாரணைக்கு எடுத்துக்கொண்டார் சங்கரர். ரஷ்யப் புரட்சியை அடுத்த ஆண்டுகளில் திரைப்பட இயக்குநர் லெவ் குலஷோவ், வேதாந்த நோக்கம் ஏதுமின்றி, அதே விசாரணையைப் படச்சுருளைக் கொண்டு நடத்தினார். இவான் மொஜூகின் என்ற நடிகரின் சலனமற்ற முகத்தைப் பழைய படமொன்றிலிருந்து எடுத்து, அதனோடு ஒரு முறை சூப்புக் கிண்ணத்தையும், மறுமுறை சவப்பெட்டியையும், பின்னொரு முறை விளையாடும் சிறுமியையும் இணைத்துக் காட்டியபோது, பார்த்தவர்கள் அந்த ஒரே முகத்தில் பசியையும் துயரத்தையும் வாஞ்சையையும் கண்டு நடிகரின் திறனை வியந்தார்கள் என்று அவருடைய மாணவர் புதோவ்கின் எழுதிவைத்தார். மொஜூகினோ 1920-ல் நாட்டைவிட்டே வெளியேறி, 1939-ல் பாரிஸை அடுத்த நெயியில் காலமானார்.

பாவம் முகத்தில் இல்லை, இணைப்பில்தான் இருக்கிறது என்பது அந்தச் சோதனையிலிருந்து பலரும் எடுத்துக்கொண்ட முடிபு. எனக்கு அதில் பாதிதான் சம்மதம். ஏனென்றால், நம் நாட்டின் முதல் திரை முகங்களுள் ஒன்றை நினைக்கும்போதெல்லாம் அம்முடிபு என்னைத் தடுமாறச் செய்கிறது.

மோட்டார் கார் விற்பனையில் ஈடுபட்டிருந்த வேலூர் நடராஜ முதலியார், ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் புனேயில் காமிரா வித்தை கற்று, புரசைவாக்கம் மில்லர்ஸ் சாலையில் இந்தியா பிலிம் கம்பெனியைத் தொடங்கி, நாடகாசிரியர் பம்மல் சம்பந்த முதலியாரின் யோசனைப்படி, ஏறக்குறைய ரூ. 35,000 செலவில், 35 நாட்களுக்கு மேலாகப் படமெடுத்து, ‘கீசக வதம்’ என்ற மௌனப் படத்தை உருவாக்கினார். அது வெளியான ஆண்டு 1916 என்பாரும் 1918 என்பாரும் உண்டு. கீசகனாக ராஜு முதலியாரும் திரௌபதியாக ஜீவரத்தினமும் நடித்தார்கள். எல்பின்ஸ்டன் கொட்டகையில் ஜனங்கள் கூடிப் பார்த்த அந்தப் படத்தின் ஒரு பிரதிகூட இன்று இல்லை. ரஷ்ய நடிகருக்கு முகம் மிஞ்சிற்று. ஜீவரத்தினத்துக்கு நாமம் மாத்திரமே மிஞ்சிற்று, ரூபம் போயிற்று.

கதையும் இதற்கேற்பவே வாய்த்தது ஒரு விசித்திரம். விராடன் அரண்மனையில் திரௌபதி திரௌபதியாக இல்லை. சைரந்திரி என்ற பணிப்பெண்ணாக வேஷம் பூண்டிருக்கிறாள். அவளை விரும்பி நள்ளிரவில் நர்த்தனசாலைக்குள் நுழைந்த கீசகன், இருளில் மஞ்சத்தில் கிடக்கும் உருவத்தின்மீது தன் ஆசை வரைந்த அழகை ஏற்றிவைத்துக் கைநீட்ட, கைக்கு அகப்பட்டதோ பீமனின் புஜம். எங்கள் பரண் காவலாளிக்கு இக்கதையை விளக்க வேண்டியதே இல்லை.

குலஷோவ் விட்டுவிட்ட பாதி இங்கேதான் இருக்கிறது. ஆரோபம், அதாவது ஏற்றிக் காண்பது, எத்துணைப் பொய்யானாலும் அதனைத் தாங்க ஓர் அதிஷ்டானம் வேண்டும். கயிறின்றி அரவு தோன்றாது என்பது சங்கரர் பக்ஷம். அதிஷ்டானமே இல்லாத பிரமையும் உண்டென்று பௌத்தருள் மாத்தியமிகர் வாதிப்பர். படமே அழிந்துபோன பிறகு, ரவிவர்மா படத்திலிருந்தோ பாட்டி சொன்ன கதையிலிருந்தோ ஒரு திரௌபதியை எடுத்து ஜீவரத்தினம் என்ற பெயரின்மேல் நான் ஒட்டிப் பார்க்கும்போது, மாத்தியமிகர் கட்சியே வென்றுவிட்டதாகத் தோன்றும். ஆயினும் சென்னை வெயிலில் ஒரு மனிதர் அந்தக் காமிராவின் முன் வந்து நின்றார். வெளிச்சம் அவர்மீது பட்டுத்தான் சுருளில் பதிந்தது. என் கற்பனை எவ்வளவு தவறினாலும், அந்த ஒரு ஸ்பரிசத்தை அது உண்டாக்கவும் இல்லை, அழிக்கவும் இயலாது. நாம் அறியவில்லை என்பதனால் பாறை யானையாவதும் இல்லை, யானை பாறையாவதும் இல்லை.

சென்னை உஷ்ணத்துக்கு அஞ்சி, குளிர்ந்த சீதோஷ்ணம் வேண்டி, ஓசூரைத் தாண்டினால் எட்டிவிடும் பெங்களூரில் நடராஜ முதலியார் ஒரு லாப் அமைத்து, வார இறுதிதோறும் சென்று நெகட்டிவைக் கழுவி, திங்கட்கிழமை படப்பிடிப்புக்குத் திரும்புவார். பின்னர் ஒரு தீ விபத்தில் மகனை இழந்து அவர் தொழிலையே விட்டார். அந்தப் பெங்களூர் அறையில், மருந்து நீரிலிருந்து எடுத்து உயர்த்திய சுருளில், வெளிச்சம் பட்ட நெற்றியும் கன்னமும் கறுத்து, கூந்தலும் கண்மணியும் வெளுத்து, ஜீவரத்தினத்தின் முகம் முதன்முதலாக அவர் கண்ணுக்குத் தெரிந்திருக்கும்.